மாமன் முறை தெரிந்த மகாபாரதம் வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

மகாபாரதத்தைத் தமிழில் தொடராக எடுப்பது என்றாலே கிராஃபிக்ஸ், நகை, அரண்மனை செட் என்றுதான் பேசுகிறார்கள். வசனம் கடைசியில் வருகிறது. அதிலும் உறவுமுறைச் சொற்களை யாரும் கணக்கில் எடுப்பதில்லை. பாரதம் முழுக்கப் பங்காளிச் சண்டை. யார் யாருக்கு என்ன முறை என்பது பிசகினால் கதையே பிசகிவிடும்.

இந்தித் தொடரை டப்பிங் செய்யும்போது முதலில் அடிபடுவது இதுதான். தமிழ் வசனம் திரையில் தெரியும் உதட்டசைவுக்கும் பொருந்த வேண்டும். 'மாமாஸ்ரீ' என்று துரியோதனன் சகுனியைக் கூப்பிடுகிறான். உதடு இரண்டு முறை மூடி, கடைசியில் வாய் பக்கவாட்டில் விரிகிறது. 'மாமா, இனி' என்று எழுதினால் கச்சிதமாக உட்காரும். அண்ணனைக் கூப்பிடும் 'பிராதாஸ்ரீ' வந்தால்தான் சிக்கல். அது உதட்டை மூடித் தொடங்கும் சொல். 'அண்ணா'வில் உதடு மூடவே மூடாது. குளோசப்பில் இது அப்பட்டமாகத் தெரியும் என்பதால் 'பாருங்கள் அண்ணா' என்று எழுதிச் சமாளிக்க வேண்டியிருக்கிறது. அந்த 'பாருங்கள்' கதைக்காக வந்த சொல் அல்ல, உதட்டுக்காக வந்தது. இப்படி ஒரு காட்சியில் நாலைந்து சேர்ந்தால் எல்லாப் பாத்திரமும் ஒரே மாதிரிப் பேசத் தொடங்கிவிடும்.

நேரடியாகத் தமிழில் எடுத்தால் இந்தத் தொல்லை இல்லை. ஆனால் அங்கேயும் 'தந்தையே', 'சகோதரா' என்று பொதுச்சொல்லில் ஓட்டிவிட்டால் என்ன பயன்? பாண்டு இளையவன் என்பதால் பாண்டவருக்குத் திருதராஷ்டிரன் பெரியப்பா, விதுரர் சித்தப்பா. துரியோதனனுக்குக் குந்தி சித்தி. குந்தி, கண்ணனின் அப்பா வசுதேவரின் உடன்பிறந்தவள். ஆகவே அர்ஜுனன் கண்ணனுக்கு அத்தை மகன், சுபத்திரை அர்ஜுனனுக்கு மாமன் மகள். வடக்கில் பெரும்பாலோரிடம் மாமன் மகளை மணக்கும் வழக்கம் இல்லை. அந்த முறையை அழுத்திச் சொல்லும் தேவையும் அங்கே இல்லை. நம் வீட்டில் 'முறைப்பெண்' என்ற ஒரே சொல் போதும், அந்தக் கல்யாணத்தைப் பலராமன் எதிர்ப்பதும் கண்ணன் துணை நிற்பதும் சட்டென்று புரிந்துவிடும். அடுத்த தலைமுறையில் அபிமன்யுவுக்கு பலராமன் மகள் வத்சலையை முடிக்கும் கதை வியாசரிடம் இல்லை. 1957இல் வந்த 'மாயாபஜார்' ஓடியதே அந்தக் கதையில்தான்.

அரவானையும் விட்டுவிடக் கூடாது. அர்ஜுனனுக்கும் நாககன்னி உலூபிக்கும் பிறந்த அவன் வியாசர் பாரதத்தில் எட்டாம் நாள் போரில் அலம்புசன் என்ற அரக்கனிடம் மடிகிறான். தமிழ் மரபில் போருக்கு முன்பே வெற்றிக்காகக் களப்பலி ஆகிறான். 32 லட்சணமும் பொருந்திய பிள்ளையைப் பலி கொடுப்பது அவனுடைய பெரியப்பா தருமன் தரப்பு ஜெயிப்பதற்காக, மகனை இழப்பவன் அப்பா அர்ஜுனன். தெருக்கூத்தில் இது ஒரு முழு இரவு. விளம்பரம் போக 22 நிமிடம் மிஞ்சும் எபிசோடில் இதை ஒன்றிரண்டாக முடித்தால் அவன் யாரோ போலச் செத்துப்போவான். பத்து எபிசோடாவது வேண்டும். அதற்கு முந்தைய வாரங்களிலேயே அவன் 'பெரியப்பா' என்று கூப்பிட்டு வளைய வந்திருக்கவும் வேண்டும்.

எனவே திரைக்கதைக்கு முன் ஒரு வேலை செய்யலாம். முக்கியமான 30 பாத்திரங்களை எடுத்து, யார் யாரை நேரில் எப்படி அழைப்பார், முதுகுக்குப் பின்னால் எப்படிச் சொல்வார், கோபத்தில் எப்படி என்று கட்டம் போட்டு எழுதிவைத்தால் வசனகர்த்தா மாறினாலும் குரல் மாறாது. கர்ணனுக்கு மட்டும் இரண்டு கட்டம் தேவை. கண்ணன் வந்து பிறப்பைச் சொல்லும்வரை அர்ஜுனன் அவனுக்குப் பகைவன். அதன் பிறகு தம்பி. தருமனிடம் இதைச் சொல்லிவிடாதே என்று கேட்டுக்கொண்டவன் அந்தச் சொல்லையும் வாய்விட்டுச் சொல்ல முடியாது. பதினேழாம் நாள் தேர்ச்சக்கரம் புதையும்போதாவது அதை அவன் வாயில் வைப்பதா, வேண்டாமா என்பது முதல் நாள் படப்பிடிப்புக்கு முன்பே முடிவாகியிருக்க வேண்டும்.

இப்படிக்கு,
வசனம் எழுதும் வாசகர் ஒருவர்,
சென்னை.