எல்லைக்கு இந்தப் பக்கமும் அவர்கள் இருக்கிறார்கள்: ஸ்வீடன் நாடாளுமன்றத்துக்கு ஒரு திறந்த மடல்

ரிக்ஸ்டாகின் மாண்புமிகு உறுப்பினர்களுக்கு,

வணக்கம். இந்நாட்டில் குடியேறிய தமிழர்களும் படிக்கட்டும் என்றுதான் இதைத் தமிழில் எழுதுகிறேன்.

2024 நவம்பர் 12 அன்று நார்வே நாடாளுமன்றம் வடக்கின் பழங்குடியினரான சாமி மக்களிடமும், ஃபின்லாந்து வழிவந்த க்வேன் மக்களிடமும், ஃபின்லாந்திலிருந்து காடுகளில் வந்து குடியேறியவர்களின் வழிவந்த வன ஃபின்னியரிடமும் மன்னிப்புக் கேட்டது. அவர்களுடைய மொழியையும் அடையாளத்தையும் அரசே கரைக்கப் பார்த்ததற்காகக் கேட்ட மன்னிப்பு அது. இதில் வன ஃபின்னியரின் கதை பெரும்பாலும் உங்கள் மண்ணில் நடந்தது. நார்வே எல்லையை ஒட்டிய வெர்ம்லாந்து மாகாணத்தின் மேற்கு ஓரத்தில் ஃபின்ஸ்கோகன் காட்டுக்குள் நடப்பவருக்கு எங்கே நாடு மாறியது என்றே தெரியாது. இரு பக்கமும் ஒரே வம்சங்கள். ஆனால் நார்வே பக்கத்தில் இருப்பவர் தேசியச் சிறுபான்மையினர். இந்தப் பக்கத்தில் இருப்பவரைத் தனி இனக்குழுவாக உங்கள் சட்டம் ஏற்கவில்லை.

சட்டம் ஏற்கெனவே சிறுபான்மையினராக ஏற்றிருக்கும் 'ஸ்வீடன் ஃபின்னியர்' என்ற பட்டியலுக்குள் அவர்களும் அடக்கம்தானே என்று நீங்கள் கேட்கலாம். அந்தப் பட்டியலில் பெரும்பாலோர் இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு தொழிற்சாலை வேலைக்கு வந்தவர்களும் அவர்களுடைய பிள்ளைகளும். வன ஃபின்னியர் வந்தது 16ஆம் நூற்றாண்டின் கடைசியில். ஃபின்லாந்தின் சாவோ பகுதியிலிருந்தும் ரவ்தலம்பி சுற்றுவட்டாரத்திலிருந்தும் வந்தார்கள். பின்னாளில் ஒன்பதாம் கார்ல் மன்னரான கோமகன் கார்ல், வரிச்சலுகை கொடுத்து அவர்களைக் குடியேற ஊக்குவித்தார். அழையா விருந்தாளிகளாக வந்தவர்கள் இல்லை அவர்கள்.

யாரும் உழத் துணியாத ஸ்ப்ரூஸ் காட்டில் அவர்கள் சோறு விளைவித்த விதம் அபாரமானது. மரங்களை வெட்டிச் சாய்த்து, நன்றாகக் காயவிட்டு, கோடையில் கொளுத்துவார்கள். சாம்பலில் ரை என்ற தானியத்தின் விதையை நெருக்கமாக இல்லாமல் எட்ட எட்டத் தூவுவார்கள். அந்த ரகம் ஒரே விதையிலிருந்து டஜன் கணக்கில் தூர் கட்டும். முதல் ஆண்டு வெறும் பச்சை, அறுவடை அடுத்த ஆண்டுதான். கதிர்க்கட்டுகளை 'ரீஹி' என்ற சூளைக் குடிலில் உலர்த்திப் போரடிப்பார்கள். நார்வே பக்கம் அப்படி ஒரு பழைய ரீஹியின் தரையில் கிடந்த சில மணிகள் கடந்த நூற்றாண்டின் பிற்பகுதியில் முளைவிட்டன. அந்த ரை இன்று மறுபடியும் பயிராகிறது.

இரும்பாலைகளுக்குக் கரி தேவைப்பட்டதும் காட்டை எரிப்பவர்கள் வேண்டாதவர்கள் ஆகிவிட்டார்கள். 1647ஆம் ஆண்டின் வனச் சட்டம் அவர்கள் பிழைப்பின் மேலேயே கைவைத்தது. அப்புறம் பெயர்கள். அவர்களிடம் ராய்சாய்னென், ஹவுய்னென் போன்ற குடும்பப் பெயர்கள் தலைமுறை தலைமுறையாக இருந்தன. ஸ்வீடிஷ் வழக்கப்படி தந்தை பெயரோடு 'சொன்' சேர்த்து எழுதிய பதிவேடுகளில் அவை மெல்ல மறைந்தன. 1820களின் தொடக்கத்தில் கார்ல் அக்செல் காட்லுண்ட் என்ற இளம் ஆய்வாளர் இந்தக் காடுகளில் அலைந்து, பாடல்களையும் சடங்குகளையும் எழுதி வைத்தார். வன ஃபின்னியருக்குத் தனித் திருச்சபை வட்டமும் ஃபின்னிஷ் பேசும் பாதிரியாரும் வேண்டும் என்று அவரும் அந்த மக்களும் ஸ்டாக்ஹோமில் முறையிட்டார்கள். கிடைக்கவில்லை. வெர்ம்லாந்தில் அந்தப் பேச்சை வீட்டு மொழியாகக் கொண்டிருந்த கடைசி முதியவர்கள் 1960களில் காலமானார்கள்.

மொழி போன பிறகும் அவர்கள் பண்பாடு சோற்றுத் தட்டில் இருக்கிறது. வறுத்த ஓட்ஸ் மாவைக் கொதிநீரில் வேகவைத்து, கையாலேயே எடுத்து உருட்டி, வறுத்த பன்றிக்கொழுப்பில் தோய்த்துத் தின்கிற 'மோட்டி' அவர்கள் கொண்டுவந்தது. இன்று அதை வெர்ம்லாந்து உணவு என்று பெருமையாகச் சொல்கிறோம். சரி, சொல்லலாம். ஆனால் அதைக் கொண்டுவந்த மக்களின் பெயரையும் கூடவே சொல்ல வேண்டாமா? லெக்வட்னெட் அருகே ரீத்தாமாக்கியில் புகைபோக்கி இல்லாத அவர்கள் வீடு ஒன்றைப் பாதுகாத்து வைத்திருக்கிறீர்கள். கூரை வழியே புகை போன தடம் மரச்சுவரில் இன்னும் கருப்பாக இருக்கிறது. வீட்டைக் காப்பாற்றிய அரசு அதில் வாழ்ந்தவர்களின் பேரப்பிள்ளைகளைக் கண்டுகொள்ளாமல் இருப்பது எனக்கு வேதனையாக இருக்கிறது.

பேசுவோர் இல்லாத மொழிக்கு அங்கீகாரம் எதற்கு என்று சிலர் கேட்கிறார்கள். மொழியை இழக்க வைத்துவிட்டு, மொழி இல்லை என்பதையே காரணமாகக் காட்டுவது நியாயம் ஆகாது. நார்வே வன ஃபின்னியரும் அன்றாடப் பேச்சில் அந்த மொழியை இழந்தவர்கள்தான். அது அவர்களுடைய அங்கீகாரத்துக்குத் தடையாக இருக்கவில்லை.

நாட்டின் வடகோடியில் ஃபின்லாந்து எல்லையோரம் வாழும் டோர்னெடால் மக்களுக்கு நேர்ந்ததை விசாரிக்க உண்மை ஆணையம் ஒன்றை இந்நாடு 2020இல் அமைத்தது, 2023இல் அறிக்கையும் வந்தது. ஆகவே வழி தெரியாது என்று சொல்ல முடியாது. வன ஃபின்னியரைத் தேசியச் சிறுபான்மையினராக ஏற்பது பற்றி உங்கள் அரசியல் சட்டக் குழு விவாதிக்க வேண்டும். திருச்சபைப் பதிவுகளும் நீதிமன்ற ஆவணங்களும் இருக்கின்றன, அவற்றை வைத்து ஒரு விசாரணை நடக்கட்டும். வரைபடங்களில் சிதைந்து கிடக்கும் அவர்களுடைய ஊர்ப்பெயர்களை அசல் வடிவத்திலும் அச்சிடுங்கள். முடிவெடுக்கும் முன் வெர்ம்லாந்தின் டோர்ஸ்பி வரை ஒருமுறை போய், அந்த மக்களிடமே நேரில் கேளுங்கள்.

இப்படிக்கு,
ஸ்வீடனில் வாழும் ஒரு தமிழ் வாக்காளர்