அமேசான்கள் ஏன் தோற்றார்கள்

அன்புள்ள மகளுக்கு,

கிரேக்கப் பழங்கதைகளில் வரும் போர்ப்பெண்களான அமேசான் வீராங்கனைகளைப் பற்றிப் பள்ளியில் படித்துவிட்டு வந்த பேத்தி, "எல்லாக் கதையிலும் அவர்களே ஏன் தோற்கிறார்கள்?" என்று கேட்டதாக எழுதியிருந்தாய். பல காலம் வரலாறு நடத்தியவள் என்ற உரிமையில் சொல்கிறேன், அந்தக் கேள்வியை ஏதாவது சொல்லிச் சமாளித்து விடாதே.

கருங்கடலின் தென்கரையில், தெர்மோடோன் ஆறு பாயும் தெமிஸ்கிராதான் அவர்களுடைய நாடு என்று கிரேக்கர்கள் சொல்லி வந்தார்கள். அது இன்றைய துருக்கியின் வடகரைப் பகுதி. அரசி ஹிப்போலிட்டாவின் இடைக்கச்சையைக் கொண்டுவரச் சென்ற கிரேக்க மாவீரன் ஹெரக்ளீஸ் அவளைக் கொன்றான். ஏதென்ஸ் அரசன் தீசியஸ் ஆன்டியோப்பி என்ற அமேசானைக் கவர்ந்து சென்றதால் அமேசான்கள் ஏதென்ஸ் வரை படையெடுத்து வந்து, அங்கேயும் தோற்றார்கள். கிரேக்கர்கள் முற்றுகையிட்ட ட்ராய் நகருக்குத் துணையாக வந்த அமேசான் அரசி பெந்தசிலியா, கிரேக்க வீரன் அக்கிலீஸின் கையால் மடிந்தாள். கதை சொன்னவர்கள் யார் என்று பார்த்தால் காரணம் புரியும். நாயகன் பெருவீரன் என்று காட்டுவதற்கு, அவன் வெல்லும் எதிரியும் வீரத்தில் குறையாதவராக இருக்க வேண்டும். ஆனால் இறுதியில் வீழ்ந்தாகவும் வேண்டும். கி.மு. 480இல் பாரசீகர்கள் ஏதென்ஸை எரித்துவிட்டுப் போன பிறகு, அந்நகரத்தாருக்கு இந்தப் பழங்கதை இன்னும் நெருக்கமாகிவிட்டது. கிழக்கிலிருந்து வந்த படையை முன்னோர் விரட்டியடித்த காட்சியைத் தங்கள் பார்த்தெனான் கோயிலின் மேற்குப் பக்கத்திலேயே செதுக்கி வைத்தார்கள். சட்டமன்றமாக விளங்கிய தங்கள் பேரவையில் பெண்களுக்கு இடமே தராத ஊர் அது என்பதையும் பேத்திக்குச் சொல்.

ஆனால் அவர்கள் தோற்காத கதை ஒன்றும் உண்டு, அதைத்தான் நீ முதலில் சொல்ல வேண்டும் என்பது என் விருப்பம். கி.மு. ஐந்தாம் நூற்றாண்டில் கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் எழுதியது அது. தெர்மோடோன் ஆற்றருகே கிரேக்கர்களோடு நடந்த போரில் சிறைப்பட்ட அமேசான்கள், தங்களை ஏற்றிச் சென்ற கிரேக்கர்களை நடுக்கடலில் கொன்றுவிட்டார்கள். கப்பல் செலுத்தத் தெரியாததால், காற்றும் அலையும் தள்ளிய பக்கமெல்லாம் போய், இன்று அசோவ் கடல் எனப்படும் நீர்ப்பரப்பின் கரையில் ஒதுங்கினார்கள். அங்கே கண்ணில் பட்ட குதிரைகளைப் பிடித்துக்கொண்டு, அந்தப் புல்வெளிகளில் வாழ்ந்த சித்தியர்கள் என்ற நாடோடி மக்களின் நிலத்தில் கொள்ளையடித்தார்கள். இளைஞர் படை என்று எண்ணி எதிர்த்துப் போரிட்ட சித்தியர்கள், களத்தில் கிடந்த உடல்களைப் பார்த்த பிறகே பெண்கள் என்று அறிந்து, கொல்வதை விட்டுவிட்டுத் தங்கள் இளைஞர்களை அவர்கள் அருகே கூடாரம் அடிக்க அனுப்பினார்கள். நட்பு வளர்ந்து, "எங்கள் ஊருக்கு வந்துவிடுங்கள், உங்களையே மனைவியராகக் கொள்வோம்" என்று இளைஞர்கள் அழைத்தபோது அந்தப் பெண்கள் மறுத்தார்கள். தாங்கள் வில் எய்பவர்கள், ஈட்டி எறிபவர்கள், குதிரை ஏறுபவர்கள் என்றும், வண்டிக்குள்ளேயே இருந்து வேலை செய்யும் அந்த ஊர்ப் பெண்களோடு ஒத்துப்போக முடியாது என்றும் வெளிப்படையாகச் சொன்னார்கள். பெற்றோரிடம் போய் உங்கள் சொத்துப் பங்கை வாங்கி வாருங்கள், நாம் தனியாக வாழ்வோம் என்றார்கள். இளைஞர்களும் அப்படியே செய்தார்கள்! எல்லோரும் தானாயிஸ் ஆற்றை, அதாவது இன்றைய டான் ஆற்றைக் கடந்து குடியேறினார்கள். அவர்கள் வழி வந்தவர்களே சௌரோமாத்தியர்கள் என்றும், அவர்களின் பெண்கள் ஆண்களைப் போல் உடையணிந்து வேட்டைக்கும் போருக்கும் போனார்கள் என்றும் ஹெரோடோட்டஸ் எழுதுகிறார். எத்தனை முறை படித்தாலும் எனக்கு அலுக்காத பகுதி இது.

அமேசான் என்ற தனி நாடு இருந்ததற்குச் சான்று இல்லை. ஆனால் சித்தியர்களைப் போன்ற புல்வெளி நாடோடிகளின் புதைமேடுகளில் ஆயுதங்களோடு அடக்கம் செய்யப்பட்ட பெண்கள் பலர் கிடைத்திருக்கிறார்கள். ரஷ்யாவின் வொரோனேஷ் பகுதியில், தேவித்சா என்ற ஊருக்கருகே 2019இல் கி.மு. நான்காம் நூற்றாண்டுக் கல்லறை ஒன்றைத் திறந்தார்கள். உள்ளே நான்கு பெண்கள். இளையவளுக்குப் பன்னிரண்டு பதின்மூன்று வயது, மூத்தவளுக்கு நாற்பத்தைந்துக்கு மேல். ஒருத்தியைக் குதிரைமேல் அமர்ந்திருக்கும் நிலையில் கால்களை வைத்துக் கிடத்தி, பக்கத்தில் இரண்டு ஈட்டிகளும், தோளுக்கடியில் ஒரு வெண்கலக் கண்ணாடியும் வைத்திருந்தார்கள். ரஷ்யாவின் தெற்குச் சைபீரியாவிலுள்ள துவாவில் 1988இல் கோடரியும் வில்லும் அம்பறாத்தூணியுமாகக் கிடைத்த, ஏறத்தாழ 2,600 ஆண்டுப் பழமையான ஒரு குழந்தையைப் பல்லாண்டுகள் பையன் என்றே எண்ணியிருந்தார்கள். 2020இல் மரபணுச் சோதனை அது சிறுமி என்று காட்டியது. நம் குட்டியைவிடச் சற்றே பெரியவளாக இருந்திருப்பாள்.

வில் இழுக்க வசதியாக மார்பை அறுத்துக்கொண்டார்கள் என்ற கதையைப் பள்ளியில் சொல்லியிருந்தால், அதை நம்ப வேண்டாம் என்று விளக்கிவிடு. பழைய கிரேக்க மருத்துவ ஏடு ஒன்றிலும் அதை ஒத்த கதை வருகிறது. ஆனால் கிரேக்கக் குயவர்களும் சிற்பிகளும் அமேசான்களை அப்படிக் காட்டவில்லை.

நீ இருக்கும் லண்டனிலேயே பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில், பழங்கால ஏதென்ஸ் குயவர் எக்ஸீகியாஸ் செய்த ஜாடி ஒன்று இருக்கிறது, ஏறத்தாழ கி.மு. 530ஐச் சேர்ந்தது. அக்கிலீஸ் பெந்தசிலியாவின் கழுத்தில் ஈட்டியைப் பாய்ச்சுகிறான். அவன் முகத்தைத் தலைக்கவசம் மறைத்திருக்க, சிறுத்தைத் தோல் போர்த்திய அவள் முகம் மட்டும் வெண்மையாக, திறந்து, அவனையே பார்த்தபடி இருக்கிறது. அந்தப் பார்வையிலேயே அவன் அவள்மேல் காதல் கொண்டான் என்று பிற்காலக் கதைகள் சொல்லும். குருதி பீறிடும் காட்சி என்பதால் பேத்தியை அழைத்துப்போகும் முன் நீ ஒருமுறை தனியாகப் பார்த்துவிட்டு வா. பக்கத்தில் பெந்தசிலியாவின் பெயர் கிரேக்க எழுத்தில் எழுதியிருக்கும். பேத்தியை அதை எழுத்துக்கூட்டிப் படிக்கச் சொல்லிவிட்டு, என்ன சொன்னாள் என்று எனக்கு எழுது.

அன்புடன்,
அம்மா