மடிக்கணினியில் கேம் முழுத்திரைக்கு வராதது குறித்த புகார்

உவர்மலை,
திருகோணமலை.

வாடிக்கையாளர் சேவைப் பொறுப்பாளர் அவர்களுக்கு,

கடந்த நவம்பரில் உங்கள் திருகோணமலைக் கிளையில் வாங்கிய 15.6 அங்குல மடிக்கணினி தொடர்பாக

ஐயா / அம்மணி,

நான் ஒரு கணித ஆசிரியை. உங்கள் கிளையில் 245,000 ரூபாய் கொடுத்து இந்த மடிக்கணினியை வாங்கினேன். எனக்கு வினாத்தாள் தயாரிக்கவும் ஸூமில் வகுப்பு எடுக்கவும் வேண்டும். தரம் 8 படிக்கும் மகனுக்கு விடுமுறையில் கேம் விளையாட வேண்டும். இரண்டையும் கடையில் சொல்லித்தான் வாங்கினேன். மகன் தனக்குப் பிடித்த இரண்டு கேம்களின் பெயரை ஒரு துண்டில் எழுதிக் கொண்டுவந்து உங்கள் விற்பனையாளரிடம் காட்டினான். "இதெல்லாம் சும்மா ஓடும் மிஸ்" என்றார் அவர்.

அவர் சொன்னது சரிதான். இரண்டும் இன்றைக்கு எங்கள் வீட்டில் நன்றாக ஓடுகின்றன. ஆனால் அந்த நிலைக்கு வருவதற்குள் கணினி 23 நாட்கள் கொழும்பில் கிடந்தது, என் கையிலிருந்து 6,500 ரூபாய் போனது, க.பொ.த. சாதாரண தர வகுப்புப் பிள்ளைகளின் ஒரு தவணைப் புள்ளிப் பதிவு முழுவதும் அழிந்தது. இதில் ஒன்றுகூட நடந்திருக்கத் தேவையில்லை.

முதல் கேம் பழையது. 800க்கு 600 திரைப்புள்ளி (பிக்சல்) அளவில் செய்த வியூக விளையாட்டு. என் தம்பி பள்ளிக்கூடக் காலத்தில் விளையாடியதை, மருமகனும் விளையாடட்டும் என்று இணையத்தில் காசு கொடுத்து வாங்கித் தந்திருந்தான். அதைத் திறந்தால் திரை முழுக்கக் கறுத்து, நட்டநடுவில் ஒரு சின்னப் பெட்டிக்குள் படம் வரும். அடிமட்டம் வைத்து அளந்து பார்த்தேன். அகலம் 14.4 சதமமீற்றர், உயரம் 10.8. ஏறக்குறைய ஒரு தபாலட்டை. மூலைக்கு மூலை அளந்தால் 7 அங்குலம். உங்கள் திரையில் இருப்பது 1920க்கு 1080, அதாவது 20 இலட்சத்து 73 ஆயிரத்து 600 புள்ளிகள். கேம் நிரப்பியது 4 இலட்சத்து 80 ஆயிரத்தை மட்டும். நாலில் ஒரு பங்குகூட வரவில்லை.

இதை நான் இவ்வளவு நுணுக்கமாகச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. என் மகன் கண்ணாடி போடுகிறவன். அந்தப் பெட்டிக்குள் இருக்கும் எழுத்தை வாசிக்க, மூக்கு திரையில் முட்டும் அளவுக்குக் குனிந்துகொண்டு இருந்தான். எழும்பி நிமிர்ந்து இரு என்று சொன்னால், "நிமிர்ந்தா ஒண்டும் தெரியேல்லை அம்மா" என்றான். பெரிய திரையுள்ள கணினியைத் தேடி வாங்கியதே அவன் கண்ணுக்காகத்தான்.

இரண்டாவது கேமில் கோளாறு நேரெதிர். அது முழுத்திரையில் வந்தது, ஆனால் திரையை மீறிப் பெருத்துப்போய் வந்தது. இடதுபக்க மேல்மூலை தெரியும். வலது பக்கமும் கீழ்ப்பக்கமும் வெட்டுப்பட்டு, திரைக்கு வெளியே எங்கோ போய்விடும். வரைபடம் இருப்பது வலது கீழ்மூலையில். சேமிக்கும் பொத்தானும் அங்கேதான். ஒன்றரை மணித்தியாலம் விளையாடிவிட்டுச் சேமிக்க வழியில்லாமல், மறுநாள் முதலிலிருந்து தொடங்குவான். இரண்டு நாள் அப்படிச் செய்துவிட்டு மூன்றாம் நாள் அதைத் திறப்பதையே விட்டுவிட்டான்.

உங்கள் உதவி இலக்கத்துக்கு மூன்று தடவை அழைத்தேன். தமிழுக்கு என்று ஓர் இலக்கத்தை அழுத்தச் சொல்கிறீர்கள். அழுத்திய பிறகு மூன்று தடவையும் தமிழ் தெரியாத ஒருவரே பேசினார். எனக்குச் சிங்களம் ஓரளவு வரும், சமாளித்தேன். வராதவர்கள் என்ன செய்வார்கள்?

முதல் தடவை அல்ட் விசையோடு என்டரை அழுத்தச் சொன்னார்கள். அதற்கு இடம் கொடுத்து எழுதிய கேமில்தான் அது வேலை செய்யும். எங்கள் பழைய கேமில் ஒன்றும் ஆகவில்லை. இரண்டாம் தடவை, படத்தைத் திரை முழுக்க இழுத்துவிடும் அமைப்பு ஒன்று இருக்கிறது, அதைப் போடுங்கள் என்றார்கள். ஆனால் அது எங்கே இருக்கிறது என்று அவருக்கே சொல்லத் தெரியவில்லை. சரி, கிடைத்திருந்தாலும் அது தீர்வாகாது. பழைய கேம் 4க்கு 3 விகிதம், உங்கள் திரை 16க்கு 9. அப்படியே இழுத்தால் எல்லாம் மூன்றில் ஒரு பங்கு கூடுதலாக அகலும். வட்டக் கேடயம் நீள்வட்டமாகிவிடும். மூன்றாம் தடவை பேசியவர், கிராபிக்ஸ் பகுதியில் பழுது இருக்கலாம், கொழும்புச் சேவை நிலையத்துக்கு அனுப்புங்கள் என்று முடித்துவிட்டார்.

பொதிசேவையை நம்பாமல் என் தம்பியிடம் கொடுத்தேன். அவன் இரவு ரயிலில் மடியில் வைத்துக்கொண்டே போய், காலையில் உங்கள் சேவை நிலையம் திறக்கும்வரை வாசலில் நின்று ஒப்படைத்தான். என்ன கோளாறு என்று தமிழில் ஒரு பக்கம் எழுதி, கைத்தொலைபேசியில் எடுத்த இரண்டு படத்தையும் அச்சிட்டு வைத்து அனுப்பினேன். அந்தத் தாள் மடித்தபடியே, பையின் பக்கவறையிலிருந்து திரும்பி வந்தது. யாரும் விரித்துப் பார்க்கவில்லை.

23 நாட்களின் பின் கிடைத்த சீட்டில் ஆங்கிலத்தில் ஒரே வரி: பழுது எதுவும் இல்லை, கேம் இந்த மொடலுக்குப் பொருந்தாது. அதோடு விண்டோஸ் புதிதாகப் போட்டதற்கு 6,500 ரூபாய். உத்தரவாதக் காலத்துக்குள் இருக்கும் கணினி. பழுதே இல்லை என்று எழுதியவர்கள் எதற்காக விண்டோஸை அழித்துப் போட்டார்கள்? போடுமுன் ஒரு அழைப்பு எடுத்திருந்தால், உள்ளே என்ன இருக்கிறது என்று சொல்லியிருப்பேன். வினாத்தாள்களில் பாதி பென் டிரைவில் இருந்தது, தப்பியது. 41 பிள்ளைகளின் புள்ளிகளை விடைத்தாள்களைத் திரும்ப வாங்கி, ஒவ்வொன்றாகப் பார்த்துப் பதிந்தேன். சில பிள்ளைகளிடம் விடைத்தாள் இல்லை. அவர்களுக்கு நான் என்ன பதில் சொல்வது?

கிளையில் கேட்டபோது, கேமுக்கென்று வேறு மொடல் இருக்கிறது, இதைக் கொடுத்துவிட்டு மேலதிகமாக 90,000 ரூபாய் கட்டினால் மாற்றித் தரலாம் என்றார்கள். மகன் பக்கத்தில் நின்று கேட்டுக்கொண்டிருந்தான். வரும் வழியில், "எனக்கு கேம் வேண்டாம் அம்மா, நீங்க அதுக்குக் காசு கட்டாதைங்கோ" என்றான். அந்தச் சொல்தான் இந்தக் கடிதத்தை எழுத வைத்தது.

கோளாறைத் தீர்த்தது எங்கள் ஒழுங்கையில் இருக்கும் ஒரு தம்பி. கோணேசபுரியில் உள்ள கிழக்குப் பல்கலைக்கழகத்தின் திருகோணமலை வளாகத்தில் கணினி படிக்கிறான். வந்து உட்கார்ந்து, முதலில் என் மகனிடம் கேமைத் திறந்து காட்டச் சொன்னான். பார்த்தான். தேநீர் ஆறுவதற்குள் இரண்டையும் சரிசெய்துவிட்டான்.

அவன் செய்ததை எழுதுகிறேன், உங்கள் ஆட்களுக்கு உதவும். பழைய கேம் சிறு பெட்டியாக வந்ததற்குக் காரணம், கிராபிக்ஸ் அமைப்பில் படத்தை நடுவில் வை என்ற தெரிவு போட்டிருந்தது. அதை, விகிதம் மாறாமல் பெரிதாக்கு என்ற தெரிவுக்கு மாற்றினான். திரையின் புள்ளி அளவை முதலில் 1920க்கு 1080இலிருந்து குறைத்துத் தெரிவு செய்தால்தான் இந்தக் கணினியில் அந்தத் தெரிவுகளே வெளியே வருகின்றன. அதனால்தான் நான் எவ்வளவு தேடியும் கண்ணில் படவில்லை. இப்போது கேம் 1440க்கு 1080 ஆக, மேலிருந்து கீழ்வரை நிறைந்து வருகிறது. இரண்டு ஓரத்திலும் 240 புள்ளி அகலத்துக்குக் கறுப்புப் பட்டை இருக்கும். அது இருக்கத்தான் வேண்டும். கேடயம் வட்டமாகவே இருக்கிறது.

இரண்டாவது கேமின் கதை இன்னும் எளிது. எழுத்துகள் பெரிதாகத் தெரிய விண்டோஸில் 150 வீதம் என்று உருப்பெருக்கம் போட்டுத்தான் கணினியை விற்கிறீர்கள். அதில் எனக்குக் குறை இல்லை, 100 வீதத்தில் என்னால் வினாத்தாள் அடிக்க முடியாது. ஆனால் இந்த உருப்பெருக்கத்தைக் கவனத்தில் எடுக்காமல் எழுதிய கேம், தன் படத்தை 1920க்கு 1080 ஆக வரைகிறது. விண்டோஸ் அதை மேலும் ஒன்றரை மடங்காக்குகிறது. அப்போது படம் 2880க்கு 1620 ஆகிவிடும். திரைக்குள் அடங்குவது அகலத்தில் மூன்றில் இரண்டு, உயரத்தில் மூன்றில் இரண்டு, பரப்பில் ஒன்பதில் நான்கு. மகனின் வரைபடமும் சேமிக்கும் பொத்தானும் மிச்ச ஐந்து பங்குக்குள் இருந்தன. கேமின் கோப்பில் வலது சொடுக்குப் போட்டு, புரொப்பர்டீஸில் கொம்பாட்டிபிலிட்டி பகுதிக்குப் போய், ஹை டிபிஐ அமைப்பில் உருப்பெருக்கும் பொறுப்பைக் கேமிடமே விட்டுவிடு என்று தெரிவு செய்தான். அவ்வளவுதான். விண்டோஸின் 150 வீதம் அப்படியே இருக்கிறது, என் எழுத்துகளும் பெரிதாகவே இருக்கின்றன.

விண்டோஸைத் திரும்பப் போட்ட உங்கள் ஆட்கள் அதே 150 வீதத்தையும் அதே நடுவில் வை தெரிவையும் திரும்பப் போட்டே அனுப்பியிருந்தார்கள். கொழும்புவரை போய் வந்த கணினியில் ஒரு புள்ளிகூட மாறவில்லை. கேமை ஒரு தடவை திறந்து பார்த்திருந்தால் இது தெரிந்திருக்கும்.

நான் கேட்பவை இவை. 6,500 ரூபாயைத் திருப்பித் தாருங்கள். அனுமதி கேளாமல் தரவுகளை அழித்ததை எழுத்தில் ஒப்புக்கொள்ளுங்கள். பாடசாலையில் அதிபருக்கும் பெற்றோருக்கும் நான் காட்ட வேண்டும், அந்தப் பிழை என் தலையில் விழக்கூடாது. சேவைச் சீட்டில் உள்ள, கேம் பொருந்தாது என்ற வரியை நீக்கித் திருத்திய சீட்டு அனுப்புங்கள். நாளைக்கு இந்தக் கணினியில் உண்மையான பழுது வந்தாலும் அந்த வரியைக் காட்டித் திருப்பி அனுப்புவீர்கள் என்ற பயம் எனக்கு இருக்கிறது.

இன்னொன்று, இது எனக்காக மட்டும் இல்லை. மேலே நான் எழுதிய இரண்டு திருத்தங்களும் ஒரு தாளில் அடங்கும். தமிழிலும் சிங்களத்திலும் அச்சிட்டுக் கணினிப் பெட்டிக்குள் வையுங்கள். கிண்ணியாவிலும் மூதூரிலும் இருந்து உங்கள் கிளைக்கு வந்து, கடன்பட்டுப் பிள்ளைக்குக் கணினி வாங்கிப் போகிறவர்களை நான் அங்கே பார்த்திருக்கிறேன். அவர்கள் ஒழுங்கையில் கணினி படிக்கும் தம்பி இல்லாமல் இருக்கலாம். அவர்களிடமும் 90,000 ரூபாய் கேட்காதீர்கள்.

இரண்டு வாரத்துக்குள் எழுத்தில் பதில் வராவிட்டால், 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் இயங்கும் நுகர்வோர் அலுவல்கள் அதிகாரசபையிடம் முறைப்பாடு கொடுப்பேன். அவர்களுடைய 1977 என்ற இலக்கத்துக்கு அழைத்து, என்னென்ன ஆவணம் தேவை என்று ஏற்கெனவே கேட்டு வைத்திருக்கிறேன்.

விற்பனைப் பற்றுச்சீட்டு, சேவைச் சீட்டு, திரையின் நான்கு படங்கள், நீங்கள் விரித்துப் பார்க்காத அந்தத் தாள் ஆகியவற்றின் பிரதிகளை இணைத்துள்ளேன். பாடசாலை நாட்களில் பிற்பகல் 3 மணிக்குப் பிறகு அழைக்கலாம். அழைப்பவர் தமிழ் பேசத் தெரிந்தவராக இருக்கட்டும்.

இப்படிக்கு,
உங்கள் வாடிக்கையாளர்,
கணித ஆசிரியை, உவர்மலை.