செயலாளரின் ஆண்டறிக்கை, 2025: ராக்செட் குழுவைக் கேட்ட ஆண்டு

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, பொருளாளர் உள்ளிட்ட செயற்குழுவினரே, பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் உறுப்பினர்களே, அனைவருக்கும் வணக்கம்.

ஆண்டுக்கு ஓர் இசைக்குழுவைத் தேர்ந்து, அதன் முதல் ஆல்பத்திலிருந்து கடைசி ஆல்பம் வரை வரிசை தவறாமல் கேட்பது நமது வட்டத்தின் வழக்கம். அதன்படி இவ்வாண்டுக்கு ஸ்வீடன் நாட்டு பாப் ராக் இருவர் குழுவான ராக்செட் எடுத்துக்கொள்ளப்பட்டது. சென்ற பொதுக்குழுவில் இத்தேர்வுக்கு எதிர்ப்பு இல்லாமல் இல்லை. வானொலியில் நாலு பாட்டு தற்செயலாக ஓடிப் பெயர் வாங்கிய குழுவை ஓர் ஆண்டு முழுக்கக் கேட்பதற்கு என்ன இருக்கிறது என்று மூத்த உறுப்பினர் ஒருவர் கேட்டார். அக்கேள்வி ஆண்டு முழுவதும் நம் அமர்வுகளில் தொடர்ந்து வந்ததால், இவ்வறிக்கையையும் அதையொட்டியே எழுதியிருக்கிறேன்.

ராக்செட் தொடங்கியபோது அதன் இருவருமே புதியவர்கள் அல்லர் என்பதை முதல் அமர்விலேயே தெளிவுபடுத்திக்கொண்டோம். ஸ்வீடனின் மேற்குக் கடற்கரை நகரமான ஹால்ம்ஸ்டாட்டில் 1959இல் பிறந்த பெர் யெஸ்லே, யில்லேனே தீடெர் என்ற குழுவின் வழியாக 1980களின் தொடக்கத்திலேயே தம் நாட்டில் வீட்டுக்கு வீடு தெரிந்த பாடலாசிரியராகிவிட்டார். 1958இல் பிறந்த மரீ ஃபிரெட்ரிக்சன் தெற்கே ஸ்கோனே பகுதிக் கிராமமொன்றில் வளர்ந்தவர். ஹால்ம்ஸ்டாட்டுக்கு வந்து சிறு குழுக்களில் பாடி, 1984இல் ஸ்வீடிஷ் மொழியில் தம் முதல் தனி ஆல்பத்தை வெளியிட்டவர். அதே 1984இல் யில்லேனே தீடெர் ஆங்கிலத்தில் ஓர் ஆல்பம் செய்தது. அதில் பின்னணிக் குரல் கொடுத்தவர்களில் மரீயும் ஒருவர். அந்த ஆல்பம் அமெரிக்காவில் சில பாடல்களாகச் சுருக்கப்பட்டு, டாக்டர் ஃபீல்குட் என்ற ஆங்கிலேயக் குழுவின் பாடலொன்றிலிருந்து எடுத்த ராக்செட் என்னும் பெயரில் வெளிவந்து, கவனிப்பாரின்றிப் போனது. பெயர் மட்டும் மிஞ்சியது.

1986இல் இஎம்ஐ என்ற இசைத்தட்டு நிறுவனத்தின் ஸ்வீடன் கிளைத் தலைவராக இருந்த ரோல்ஃப் நிகிரேன், இருவரும் சேர்ந்து ஆங்கிலத்தில் பாடலாமே என்று யோசனை சொன்னார். வேறொரு பாடகிக்காகத் தாம் எழுதிவைத்திருந்த ஸ்வீடிஷ் பாடல் ஒன்றை பெர் ஆங்கிலமாக்கினார். 'நெவரெண்டிங் லவ்' பிறந்தது. தனிப் பாடகியாக நன்றாக முன்னேறிக்கொண்டிருந்த மரீ இம்முயற்சியில் இறங்குவதை அவரைச் சுற்றியிருந்த பலர் விரும்பவில்லை. அவ்வாண்டே வந்த 'பேர்ல்ஸ் ஆஃப் பேஷன்' ஸ்வீடனில் நன்றாக விற்றது. எல்லைக்கு வெளியே அசையவில்லை. இந்த ஆல்பத்திலிருந்து தயாரிப்பாளர் கிளாரன்ஸ் ஓவெர்மான் உடனிருந்தார். பின்னாளில் ராக்செட்டின் ஒலி என்று நாம் அடையாளம் காண்பதில் அவர் கை பெரிது. இருவர் குழு என்று சொல்லும்போது இந்த மூன்றாமவரை மறந்துவிடுகிறோம்.

1988 இறுதியில் வெளியான 'லுக் ஷார்ப்!' ஆல்பத்துக்கு நாம் அதிக அமர்வுகளை ஒதுக்கியதாகச் சில உறுப்பினர்கள் குறைப்பட்டுக்கொண்டார்கள். ஒதுக்கியது சரியே என்பது என் கருத்து. அமெரிக்க இஎம்ஐ இந்த ஆல்பத்தைத் தம் சந்தைக்கு ஏற்றதல்ல என்று ஒதுக்கியிருந்தது. ஸ்வீடனில் பரிமாற்றத் திட்டத்தில் படித்துவிட்டு ஊர் திரும்பிய அமெரிக்க மாணவர் ஒருவர், மினியாபொலிஸ் நகரின் கேடிடபிள்யூபி வானொலி நிலையத்தில் அதைக் கொண்டுபோய்க் கொடுத்தார். நிலையத்தார் 'தி லுக்' பாடலை ஒலிபரப்ப, நேயர்கள் திரும்பத் திரும்பக் கேட்க, பிற ஊர் நிலையங்களுக்கும் அதன் பிரதிகள் பரவின. நிறுவனம் விழித்துக்கொண்டு தட்டை வெளியிடுவதற்குள் பாட்டு பாதி நாட்டைச் சுற்றிவந்துவிட்டது. 1989 ஏப்ரல் 8ஆம் நாளிட்ட, அமெரிக்காவின் பாடல் தரவரிசையான பில்போர்டு பட்டியலில் அது முதலிடம் பெற்றது.

தற்செயல் என்று வாதிட்ட உறுப்பினருக்கு இதைவிட நல்ல சான்று கிடைக்காது. ஆனால் அதே ஆல்பத்தில் அடுத்து நடந்ததையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 'டிரெஸ்டு ஃபார் சக்சஸ்' பதினான்காம் இடம் வரை ஏறியது. 'லிசன் டு யுவர் ஹார்ட்' 1989 நவம்பரில் முதலிடம் பெற்றது. அமெரிக்காவில் சிறு இசைத்தட்டாக வெளிவராமல் கேசட்டாக மட்டுமே விற்று முதலிடத்துக்குப் போன முதல் பாடல் அதுதான். 'டேஞ்சரஸ்' இரண்டாம் இடம் வரை சென்றது. மாணவர் ஒருவரின் கைப்பையில் ஒரு பாட்டு போகலாம், நான்கு போகாது என்று நமது துணைத்தலைவர் அன்று சொன்னதை அவைக்குறிப்பில் பதிவு செய்திருக்கிறேன்.

'தி லுக்' எப்படி எழுதப்பட்டது என்பதும் அந்த அமர்வில் பேசப்பட்டது. புதிதாக வாங்கிய சின்தசைசர் ஒன்றைப் பழகிப் பார்க்கும்போது பெர் அதன் மெட்டை அமைத்தார். முதலிரு சரணங்களின் சொற்கள் மெட்டுக்கு இடம்பிடிக்க அப்போதைக்கு எழுதிவைத்தவை. அவற்றைவிடப் பொருத்தமானவை கிடைக்காததால் அவையே நிலைத்துவிட்டன. மரீ பாடுவதற்காக எழுதிய பாட்டைக் கடைசியில் பெரே பாடினார். அவர் குரல் பெரிய குரல் அன்று; சரணத்தைப் பேசுவது போலவே சொல்லிக்கொண்டு போகிறார். பல்லவியில் மரீ வந்து சேர்ந்ததும் அதுவரை தட்டையாக இருந்த பாட்டு எழுந்து நிற்கிறது. ராக்செட்டின் வேலைப் பங்கீடு முழுவதையும் இந்த ஒரே பாட்டில் கேட்டுவிடலாம். எழுதுபவர் ஒருவர், எழுதியதை நம்பவைப்பவர் இன்னொருவர்.

'இட் மஸ்ட் ஹேவ் பீன் லவ்' பாடலுக்காக நடந்த அமர்வில்தான் வருகை அதிகம். இப்பாடல் முதலில் 1987 டிசம்பரில் கிறிஸ்துமஸ் பாடலாக ஸ்வீடனில் வெளிவந்தது. ஜெர்மனியிலும் வெளியிட வேண்டும் என்ற எண்ணத்தில் செய்யப்பட்டது; ஜெர்மன் நிறுவனம் வெளியிடவில்லை. பின்பு 'ப்ரெட்டி உமன்' படத்துக்குப் பாடல் கேட்டபோது, புதிதாக எழுத நேரமில்லாத பெர் இந்தப் பழைய பாட்டை எடுத்துக் கொடுத்தார். கிறிஸ்துமஸ் நாளைச் சொல்லும் வரி குளிர்கால நாளைச் சொல்லும் வரியாக மாற்றப்பட்டு, இசையிலும் சில சேர்க்கைகளோடு 1990இல் வெளிவந்த பாடல் ஜூன் மாதம் அமெரிக்காவில் இரு வாரங்கள் முதலிடத்தில் இருந்தது. இரண்டு வடிவங்களையும் அடுத்தடுத்துப் போட்டுக் கேட்டோம். மாறியது ஒரு வரிதான் என்றாலும், பண்டிகைக்கு வீட்டில் தனித்திருக்கும் பெண்ணின் பாட்டாக இருந்தது, எந்த மாதத்திலும் யாருக்கும் பொருந்தும் பாட்டாகிவிட்டதை எல்லோராலும் உணர முடிந்தது. மரீ அந்த மெட்டை எங்கும் அவசரப்படுத்துவதில்லை. சரணத்தில் குரலை அடக்கியே வைத்திருந்து, பல்லவியில் முழுதாகத் திறக்கிறார். அழுகையைக் காட்டும் எந்தச் சங்கதியும் அதில் கிடையாது.

1991இல் வந்த 'ஜாய்ரைடு' அவர்களின் உச்சம். அதன் தலைப்புப் பாடல் அமெரிக்காவிலும் ஜெர்மனியிலும் முதலிடம் பெற்றது. அதன் முதல் வரி, பெரின் காதலி பியானோவின் மேல் எழுதி வைத்துவிட்டுப் போன துண்டுச்சீட்டிலிருந்து வந்தது. 'ஃபேடிங் லைக் எ ஃப்ளவர்' இரண்டாம் இடம் வரை வந்தது. அடுத்த ஆண்டு வரை நீண்ட சுற்றுப்பயணத்தில் நூற்றுக்கு மேற்பட்ட நிகழ்ச்சிகளை ஏறத்தாழ 17 லட்சம் பேர் பார்த்தார்கள். அப்பயணத்தின் நடுவே விடுதி அறைகளிலும் சாவ் பாவ்லோ நகரில் ஆளில்லாத நடன விடுதியிலும் பதிவு செய்த பாடல்களைச் சேர்த்து 1992இல் 'டூரிசம்' வந்தது. எனக்குத் தனிப்பட்ட முறையில் அவர்களின் ஆல்பங்களில் இதுவே பிடித்தது. செயலாளர் என்ற முறையில் இதை அவை மீது திணிக்கவில்லை.

அமெரிக்காவில் அவர்கள் இறங்கிய கதையும் ஏறிய கதையைப் போலவே பிறர் முடிவுகளால் ஆனது. அங்கே இஎம்ஐ நிறுவனம் இணைப்பும் மறுசீரமைப்புமாகக் கலைந்து, இவர்களுக்காக உழைத்த ஆட்கள் பலர் வெளியேறினார்கள். 1992க்குப் பிறகு ராக்செட்டின் எந்தப் பாடலும் அமெரிக்காவின் முதல் நாற்பது இடங்களுக்குள் வரவில்லை. 1994இல் 'கிராஷ்! பூம்! பேங்!' ஆல்பத்திலிருந்து பத்துப் பாடல்களை மெக்டொனால்ட்ஸ் உணவகங்களில் மலிவு விலையில் விற்க ஏற்பாடானது. சுமார் பத்து லட்சம் பிரதிகள் விற்றன. இசைத்தட்டுக் கடைக்காரர்கள் கொதித்தெழுந்தார்கள். முழு ஆல்பம் கடைக்கு வந்தபோது அது எடுபடவில்லை.

அமெரிக்கா கைவிட்டதோடு கதை முடிந்தது என்று எண்ணுவது அமெரிக்கப் பட்டியலை மட்டுமே பார்ப்பவர்களின் பிழை. 1995இல் பெய்ஜிங் தொழிலாளர் உள்விளையாட்டரங்கில் பாடினார்கள். பத்தாண்டுகளுக்கு முன் வாம்! குழு அங்கே பாடியதற்குப் பின் மேற்கத்திய பாப் குழுவுக்கு அந்த அரங்கு திறந்தது அப்போதுதான். 1996இல் தம் மென்பாடல்களை ஸ்பானிய மொழியில் பாடி ஓர் ஆல்பம் வெளியிட்டார்கள். 1999இல் வந்த 'விஷ் ஐ குட் ஃப்ளை' ஐரோப்பிய வானொலிகளில் இடைவிடாது ஒலித்தது. 2001இன் 'ரூம் சர்வீஸ்' பற்றி அமர்வில் யாரும் அதிகம் பேசவில்லை, நானும் பேசுவதற்கில்லை.

2002 செப்டம்பர் 11 அன்று காலை ஓட்டம் முடித்துத் திரும்பிய மரீ, வீட்டுக் குளியலறையில் வலிப்பு வந்து விழுந்தார். மண்டையோட்டில் முறிவு ஏற்பட்டது. பரிசோதனையில் மூளையில் கட்டி இருப்பது தெரிந்தது. அறுவையும் கதிர்வீச்சும் அவரைக் காப்பாற்றின, ஆனால் வலக்கண் பார்வை பாதிக்கப்பட்டது; சில காலம் படிக்கவும் எண்களை எண்ணவும் இயலாமல் போனது. பாடல் வரிகளைப் புதிதாக மனப்பாடம் செய்ய வேண்டியிருந்த நிலையில் 2004இல் கணவர் மிக்கேல் போல்யோஸ் துணையுடன் தனி ஆல்பம் ஒன்றை முடித்தார். கரிக்கோல் ஓவியங்கள் வரையத் தொடங்கியதும் இக்காலத்தில்தான். பெர் இந்த ஆண்டுகளில் ஸ்வீடிஷ் மொழிக்குத் திரும்பி, யில்லேனே தீடெர் குழுவை மீண்டும் கூட்டி 2004இல் நாடு முழுக்கப் பாடினார். ராக்செட் பெயரில் வேறொரு பாடகியை அவர் அப்போது தேடவில்லை.

2009 மே மாதம் ஆம்ஸ்டர்டாமில் பெர் நடத்திய தனி நிகழ்ச்சியில் மரீ மேடையேறினார். 2002இல் நோயால் கைவிட நேர்ந்த நைட் ஆஃப் த ப்ராம்ஸ் என்ற கச்சேரித் தொடரில் அவ்வாண்டின் பிற்பகுதியில் இருவரும் கலந்துகொண்டார்கள். 2011இல் 'சார்ம் ஸ்கூல்' ஜெர்மனியில் முதலிடம் பெற்றது. மறுபடி உலகப் பயணம். கடைசி ஆண்டுகளின் நிகழ்ச்சிப் பதிவுகளில் மரீ நாற்காலியில் அமர்ந்தே பாடுகிறார். உச்சத்துக்குப் போக வேண்டிய இடங்களில் மெட்டைச் சற்றுக் கீழே எடுத்துக்கொள்கிறார். கூட்டம் அந்த இடத்தைத் தானே பாடி நிரப்ப, பெர் தம் கிதாருடன் நாற்காலியருகே வந்து நிற்கிறார். 2016 பிப்ரவரி 8 அன்று கேப் டவுனில் நடந்ததே கடைசி நிகழ்ச்சியாகிவிட்டது. பயணம் கூடாது என்று மருத்துவர்கள் சொன்னதால் ஏப்ரலில் கோடைக்காலப் பயணம் கைவிடப்பட்டது. ஜூனில் 'குட் கர்மா' வந்தது. 2019 டிசம்பர் 9 அன்று, 61ஆம் வயதில் மரீ காலமானார்.

ஆண்டின் கடைசி அமர்வு சச்சரவில் முடிந்ததை மறைக்க விரும்பவில்லை. பெர் 2022இல் பிஜி ராக்செட் என்ற பெயரில் ஓர் ஆல்பம் வெளியிட்டார். பின்பு ஸ்வீடனின் புகழ்பெற்ற பாடகி லேனா ஃபிலிப்சனுடன் ராக்செட் பெயரிலேயே 2025 பிப்ரவரியில் தென்னாப்பிரிக்காவில் தொடங்கி நிகழ்ச்சிகள் நடத்திவருகிறார். இதையும் குழுவின் இசைப்பயணத்தில் சேர்ப்பதா என்பதில் அவை இரண்டாகப் பிரிந்தது. பாடல்கள் அவருடையவை, பாட அவருக்கு உரிமையுண்டு என்றார்கள் ஒரு சாரார். மறுசாராருக்கு மரீ இல்லாத ராக்செட் மேடைக்கச்சேரி மட்டுமே. நான் இரண்டாம் கட்சி. பெர் எழுதிய நல்ல பாட்டுகள் ராக்செட்டுக்கு வெளியிலும் நிறைய உண்டு. அவற்றை உலகம் கேட்கவில்லை. வாக்கெடுப்பில் எங்கள் பக்கம் சற்றே கூடுதலாக வந்ததால், நமது பதிவேட்டில் ராக்செட் 2016 உடன் நிறுத்தப்பட்டு, பின்வந்த நிகழ்ச்சிகள் தனிக் குறிப்பாகச் சேர்க்கப்பட்டிருக்கின்றன. மாற்றுக் கருத்தும் பெயர்களுடன் பதிவாகியுள்ளது. தற்செயல் என்ற வாதத்தை எழுப்பிய மூத்த உறுப்பினர், ஆண்டிறுதியில் தம் வாதத்தைத் திரும்பப் பெறவில்லை. தற்செயல் இல்லாமல் அமெரிக்காவில் முதல் கதவு திறந்திருக்காது என்ற அளவில் செயற்குழு அவருடன் உடன்படுகிறது.

ஒலிபெருக்கி பழுதுபார்த்த செலவு, அரங்க வாடகை, சந்தா வரவு ஆகியவற்றின் தணிக்கை செய்த கணக்கைப் பொருளாளர் அடுத்து வாசிப்பார். வரும் ஆண்டுக்கான குழுவை முன்மொழிய விரும்புவோர் இக்கூட்டம் முடிவதற்குள் எழுத்தில் தர வேண்டும். இவ்வறிக்கையை அவையின் ஒப்புதலுக்கு வைக்கிறேன்.

செயலாளர்