ஏரிப் பட்டியலில் இடம்பெறாத கொசஸ்தலை ஆறு

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வடகிழக்குப் பருவமழை தொடங்கிவிட்டால் பூண்டி, சோழவரம், புழல், செம்பரம்பாக்கம் ஏரிகளின் நீர்மட்டமும் இருப்பும் நாளிதழ்களில் அன்றாடச் செய்தியாகிவிடுகின்றன. இவற்றுள் முதல் மூன்றும் கொசஸ்தலை ஆற்றை நம்பி அமைந்தவை. ஆனால் உபரிநீர் திறக்கப்பட்டு, கரையோரக் கிராமங்களுக்கு வெள்ள எச்சரிக்கை விடப்படும் நாள்களில் மட்டுமே அந்த ஆற்றின் பெயர் செய்தியில் வருகிறது. சென்னை மக்கள் பலருக்கு இப்படியோர் ஆறு இருப்பதே தெரியவில்லை என்பது எனக்கு மிகுந்த வருத்தம் தருகிறது.

கொற்றலையாறு என்றும் வழங்கப்படும் இந்த ஆறு, ராணிப்பேட்டை மாவட்டத்தில் பாலாற்று நீரால் நிரம்பும் காவேரிப்பாக்கம் ஏரியின் உபரிநீரிலிருந்து தொடங்கி, திருவள்ளூர் மாவட்டத்தைக் கடந்து, ஏறத்தாழ 136 கி.மீ. ஓடி எண்ணூரில் கடலில் கலக்கிறது. வழியில் கேசாவரம் அணைக்கட்டில் இதிலிருந்து பிரியும் நீரே கூவம் ஆறாகிறது. நந்தி ஆறும் நகரி ஆறும் பூண்டிக்கு மேலே இதனுடன் சேர்கின்றன. பாலாறு மிகப் பழங்காலத்தில் இவ்வழியாகவே வடகிழக்கே ஓடியிருக்க வேண்டும் என்று நிலவியலாளர்கள் கருதுவதை, இப்படுகையின் அகன்ற மணற்பரப்பைக் கண்டவர்கள் எளிதில் ஏற்றுக்கொள்வார்கள்.

இந்த ஆற்றின் வரலாற்றை நகரின் குடிநீர்த் தேவையிலிருந்து தொடங்குவது பொருந்தாது. பூண்டிக்கு அருகில், இவ்வாற்றின் கிளையோடை ஒன்றின் கரையில் உள்ள அத்திரம்பாக்கத்தில், நிலவியலாளர்களான ராபர்ட் புரூஸ் ஃபூட்டும் வில்லியம் கிங்கும் 1863-இல் பழைய கற்காலக் கருவிகளைக் கண்டெடுத்தார்கள். அதே இடத்தில் பின்னாளில் தொல்லியலாளர் சாந்தி பப்பு தலைமையில் நடந்த அகழாய்வில் கிடைத்த கைக்கோடரிகள் ஏறத்தாழ 15 லட்சம் ஆண்டுகள் பழைமையானவை என 2011-இல் அறிவிக்கப்பட்டது. அல்லிக்குழி மலைப் பகுதியிலிருந்து அடித்துவரப்பட்ட குவார்ட்சைட் எனும் கடினமான கற்கள் கருவி செய்ய ஏற்றவையாக இருந்ததும், பக்கத்திலேயே நீர் கிடைத்ததும் ஆதி மனிதர்களை இங்கே நிலைகொள்ளச் செய்திருக்க வேண்டும். கற்கால மனிதரோடு தொடர்புடைய குடியம் குகைகளும் இதே வட்டாரத்தில்தான் உள்ளன. உலகின் தொல்லியலாளர்கள் அறிந்த இந்த நிலத்தை நம் மாணவர்களில் எத்தனை பேர் நேரில் பார்த்திருப்பார்கள்?

நகரத்துக்கும் ஆற்றுக்குமான உறவு பத்தொன்பதாம் நூற்றாண்டில், தாமரைப்பாக்கம் அணைக்கட்டிலிருந்து சோழவரத்துக்கும் புழலுக்கும் நீர் திருப்பப்பட்டபோது உருவானது. பின்னர், சென்னை மேயராக இருந்த சத்தியமூர்த்தியின் முயற்சியால் பூண்டி நீர்த்தேக்கம் எழுந்து 1944-இல் பயன்பாட்டுக்கு வந்தது. 3,231 மில்லியன் கன அடி கொள்ளளவு கொண்ட அது இன்று அவர் பெயரையே தாங்கி நிற்கிறது. ஆந்திரத்துடன் செய்துகொண்ட 1983-ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி கிருஷ்ணா நீர் வந்து சேரும் இடமும் இதுவே.

பூண்டிக்குக் கீழேதான் துயரம் தொடங்குகிறது. மேலே தேக்கியும் திருப்பியும் எடுத்துக்கொண்ட பிறகு, வெள்ளக் காலம் தவிர மற்ற நாள்களில் ஆற்றில் ஓட்டம் இருப்பதில்லை. நகரத்துக்காகவும் தொழிற்சாலைகளுக்காகவும் பாசனத்துக்காகவும் நிலத்தடி நீர் அளவின்றி உறிஞ்சப்பட்டதால், மீஞ்சூர்ப் பகுதியில் கடல்நீர் பல கிலோமீட்டர் உள்ளே புகுந்து கிணறுகளை உப்பாக்கிவிட்டது. எண்ணூர் முகத்துவாரமோ அனல்மின் நிலையச் சாம்பலாலும் ஆலைக் கழிவாலும் தூர்ந்துவருகிறது. 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்துடன் எண்ணெய்க் கழிவு கழிமுகத்தில் பரவியபோது, இறாலையும் மீனையும் நம்பி வாழும் மக்கள் தம் வலைகளையும் படகுகளையும் இழந்து நின்றார்கள். மேலே நாம் குடிக்கும் நீரும் கீழே அவர்கள் தொழில் செய்யும் நீரும் ஒரே ஆற்றினுடையவை. இதை அரசுத் துறைகளும் தனித்தனிக் கோப்புகளாகப் பார்ப்பது பெரும் பிழை.

ஆகவே, ஏரிகளின் நீர்மட்டத்தை வெளியிடும்போது அவை எந்த ஆற்றைச் சார்ந்தவை என்பதையும், பூண்டியிலிருந்து ஆற்றில் எவ்வளவு நீர் விடப்படுகிறது என்பதையும், எண்ணூர் முகத்துவாரம் திறந்திருக்கிறதா, மணல் மேடிட்டிருக்கிறதா என்பதையும் சேர்த்து வெளியிடுமாறு தங்களைக் கேட்டுக்கொள்கிறேன். காவேரிப்பாக்கம் முதல் எண்ணூர் வரை ஆற்றின் போக்கிலேயே தங்கள் செய்தியாளர்கள் சென்று ஒரு தொடர் எழுதினால், என்னைப் போன்றோர் மிகவும் நன்றி பாராட்டுவோம்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்,
திருவள்ளூர்.