பழமொழியை அதன் இடத்தோடு அச்சிடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

ஐயா,

தங்கள் நாளிதழின் உட்பக்கத்தில் நாள்தோறும் கட்டமிட்டு வெளியாகும் பொன்மொழிகளைத் தவறாமல் வாசிப்பவர்களில் நானும் ஒருவன். அண்மைக் காலமாக அக்கட்டத்தில் வருபவற்றுள் பெரும்பாலானவை வட்ஸ்அப்பிலும் முகநூலிலும் பூப்படத்தின் மேல் எழுதப்பட்டு உலாவும் வாசகங்களாகவே இருக்கின்றன. அவற்றின் கீழே அப்துல் கலாம், விவேகானந்தர், ஐன்ஸ்டீன் என ஏதோவொரு பெரிய பெயர் ஆதாரமின்றி ஒட்டப்பட்டிருப்பதையும் காண்கிறேன். என் வேண்டுகோள் இதுதான். அந்த இடத்தை, இலங்கையின் வடபகுதியான எங்கள் வன்னியில் இன்றும் மக்கள் வாயில் வழங்கும் பழமொழிகளுக்குக் கொடுங்கள். கொடுக்கும்போது பழமொழியை மட்டும் தனியே பெயர்த்தெடுக்காமல், அதை யார், எந்த வேளையில், எதற்காகச் சொல்கிறார்கள் என்பதையும் சேர்த்தே அச்சிடுங்கள்.

முதுமொழிக்கு இலக்கணம் வகுக்கும் தொல்காப்பியச் செய்யுளியல், நுண்மையையும் சுருக்கத்தையும் ஒளியுடைமையையும் அதன் இயல்புகளாகச் சொன்னதோடு நின்றுவிடவில்லை. குறித்த பொருளை முடித்தற்கு வருவது, ஏது நுதலியது என்றும் சொல்கிறது. அப்படியானால் முதலில் ஒரு பேச்சு நடந்துகொண்டிருக்க வேண்டும். அதில் முடிவு காணாத ஒரு பொருள் இருக்க வேண்டும். அதைக் காரணம் காட்டி முடித்துவைக்கவே முதுமொழி வருகிறது. பேச்சை நீக்கிவிட்டு முதுமொழியை மட்டும் கட்டத்துக்குள் வைத்தால் அங்கே மிஞ்சுவது சுருக்கம் ஒன்றே.

இதன் வலுவை வயற்காரரின் கூட்டங்களில் நேரில் காணலாம். குளத்து நீரை நம்பிச் செய்யும் நெற்செய்கையான சிறுபோகம் தொடங்குமுன், குளத்தில் எத்தனை அடி தண்ணீர் நிற்கிறது, அதைக் கொண்டு எத்தனை ஏக்கர் விதைக்கலாம் என்று தீர்மானிக்கப் பயிர்ச்செய்கைக் கூட்டம் கூட்டப்படுவது வன்னியின் குளங்களை நம்பிய எல்லா ஊர்களிலும் வழக்கம். அவ்வாறான ஒரு கூட்டத்தில், வாய்க்காலின் கடைசிக் காணிகளுக்குத் தண்ணீர் வந்து சேராதது பற்றி நெடுநேரம் வாக்குவாதம் நடந்தது. அதிகாரிகள் குளத்தின் கொள்ளளவைச் சொன்னார்கள்; விவசாய அமைப்புக்காரர் நீர் விடும் அட்டவணையைக் காட்டினார்கள். அப்போது பின்வரிசையில் இருந்த முதியவர் ஒருவர் எழும்பி, "சாமி வரம் குடுத்தாலும் பூசாரி விடமாட்டான் எண்ட கதைதான் இது" என்று சொல்லிவிட்டு இருந்துவிட்டார். மண்டபம் முழுவதும் சிரித்தது. மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர்களுக்கும் சிரிப்பு வந்தது. அதன் பிறகே, தண்ணீர் குளத்தில் இல்லையா, அல்லது நடுவழியில் யாராவது மறிக்கிறார்களா என்ற கேள்வி கூட்டத்தின் முன் வந்தது. "நீங்கள்தான் மறிக்கிறீர்கள்" என்று அவர் நேரே சொல்லியிருந்தால் அது குற்றச்சாட்டாகி, பதிலுக்குக் கோபம் பிறந்து, பேச்சு அங்கேயே முறிந்திருக்கும். பழமொழியோ எவருடைய கூற்றும் அன்று. சொன்னவரைக் கண்டிக்க முடியாது; கேட்டவரும் தன்னைத்தான் சொன்னார்கள் என்று ஒப்புக்கொள்ளாமலே திருந்திக்கொள்ளலாம். பதவியும் படிப்பும் இல்லாத ஒருவர் அவை இரண்டும் உள்ளவர்களின் முன் பேசுவதற்கு இதைவிடப் பாதுகாப்பான வழியை நான் கண்டதில்லை.

தொகுப்பு என்றால் நமக்குப் புதிதல்ல. யாழ்ப்பாணத்தில் நெடுங்காலம் பணியாற்றியவரும், விவிலியத் தமிழாக்கத்தில் ஆறுமுக நாவலரின் துணையைப் பெற்றவருமான பீற்றர் பெர்சிவல் பாதிரியார், ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட தமிழ்ப் பழமொழிகளைத் திரட்டி 1874ஆம் ஆண்டில் வெளியிட்டார். பெரிய உழைப்பு அது. ஆயினும் அகரவரிசையில் நிற்கும் பழமொழி, தான் எந்த வாயில் எந்தக் கோபத்தோடு பிறந்தது என்பதைச் சொல்வதில்லை. நமது பிள்ளைகள் பரீட்சைக்கு மனப்பாடம் செய்யும் பட்டியல்களும் அப்படிப்பட்டவையே.

"காற்றுள்ள போதே தூற்றிக்கொள்" என்பதை எடுத்துக்கொள்ளுங்கள். அறுத்த கதிரைச் சூடு மிதித்துச் சுளகால் நெல் தூற்றியவர்களுக்கு, காற்று விழுந்துவிட்டால் பதரும் மணியும் கலந்தபடியே களத்தில் கிடக்கும், பிறகு இரவெல்லாம் காவல் இருக்க வேண்டும் என்பது தெரியும். காற்று வீசும் சிறு பொழுதுக்குள் வேலையை முடிக்கச் சொன்ன சொல் அது. வயலுக்குள் அறுவடை மெசின் இறங்கி நெல்லை மூட்டையாகவே தரும் காலத்தில் வளர்ந்த பிள்ளைகளிடம் கேட்டுப் பார்த்தேன். பதவியில் இருக்கும்போதே சுருட்டிக்கொள்ள வேண்டும் என்பதுதான் இதன் கருத்து என்று பலரும் தயங்காமல் சொன்னார்கள். அவர்கள் மீது பிழை இல்லை. களத்தைக் காட்டாமல் சொல்லை மட்டும் கொடுத்தோம். அவர்கள் கண்ட அரசியலைக் கொண்டு அதை நிரப்பிக்கொண்டார்கள்.

மண்ணுக்குப் பொருந்தாததையும் நாம் யோசியாமல் திருப்பிச் சொல்கிறோம். "ஆடிப்பட்டம் தேடி விதை" என்பது இங்கும் பள்ளிக்கூடச் சுவர்களில் எழுதப்படுகிறது. கச்சான் காற்று புழுதியைக் கிளப்பும் ஆடியில் வன்னியின் மானாவாரி நிலத்தில் எவரும் விதைப்பதில்லை. மழையை நம்பிய காலபோகத்துக்கு விதைநெல்லைத் தேடுவது ஆடிக்குப் பின்னர், வடகீழ்ப் பருவமழையை எதிர்பார்த்து. யானை வரும் பின்னே, மணியோசை வரும் முன்னே என்பதும் அவ்வாறே. எங்கள் வேலிகளை முறிக்கும் யானைகள் மணி கட்டிக்கொண்டு வருவதில்லை. ஓசை எழுப்புவது நாங்கள் கொளுத்தும் யானை வெடிதான்.

சரியான இடத்தில் வைக்கப்பட்ட குறுஞ்சொல் உயிரையே காக்கும் என்பதற்கும் வன்னியில்தான் சான்று உண்டு. 2009இல் போர் முடிந்த பின்னர் மக்கள் மீளக் குடியேறியபோது, தொடாதே, கிட்டப் போகாதே, உடனே அறிவி என்னும் கருத்துடைய சின்னஞ்சிறு வாசகங்கள் பாடசாலைகளிலும் பொது இடங்களிலும் மிதிவெடி பற்றிச் சொல்லப்பட்டன. காட்டோரங்களில் மண்டையோடு வரைந்த சிவப்புப் பலகைகள் நின்றன. விறகுக்குப் போன சிறுவனுக்கு நீண்ட விளக்கம் நினைவில் நிற்காது. மூன்று சொற்கள் நின்றன, ஏனெனில் ஆபத்து இருந்த இடத்திலேயே அவை அவனிடம் சொல்லப்பட்டன.

பழமொழி எல்லாம் பொன் என்று நான் சொல்ல வரவில்லை. "அடியாத மாடு படியாது" என்று சொல்லிக்கொண்டே பிரம்பை எடுத்தவர்களை நாம் அறிவோம். போருக்குப் பின் கணவனை இழந்து, வயலையும் வீட்டையும் தனியே நடத்தும் பெண்களிடம் "பெண்புத்தி பின்புத்தி" என்று சொல்லும் வாய்கள் இன்னும் இருக்கின்றன. "உழுதவன் கணக்குப் பார்த்தால் உழக்கும் மிஞ்சாது" என்பதை என் தகப்பனாரின் தலைமுறை ஆறுதலாகச் சொன்னது. 2021 மே மாதத்தில் இரசாயன உர இறக்குமதி தடைசெய்யப்பட்டு, நவம்பரில் அது விலக்கப்படும்போது காலபோக விதைப்புத் தொடங்கிவிட்டிருந்த அந்த ஆண்டிலும் இதே ஆறுதல் எங்களுக்குச் சொல்லப்பட்டது. கணக்குப் பார்க்காதே என்று உழுதவனிடம் சொல்வது யாருக்கு நன்மை என்பதைக் கேட்காமல் இனியும் அதை வழிமொழிய என்னால் முடியாது. இத்தகையவற்றை மறைக்க வேண்டாம். எதற்காகச் சொல்லப்பட்டன என்ற குறிப்போடு வெளியிட்டால் வாசகர்களே எடை போட்டுக்கொள்வார்கள்.

இதற்குப் பெரிய ஏற்பாடு ஒன்றும் தேவையில்லை. பழமொழிக்கு ஒரு வரி, அது சொல்லப்பட்ட சந்தர்ப்பத்துக்கு நான்கு வரி, கேட்ட ஊரின் பெயர், இவ்வளவே போதும். உயர்வகுப்பு மாணவர்கள் தங்கள் பாட்டன் பாட்டியாரிடம் கேட்டு எழுதி அனுப்பலாம். ஆனால் விளக்கத்தைப் புத்தகத்தில் பார்த்து எழுதக் கூடாது என்று தாங்கள் கண்டிப்பாக அறிவிக்க வேண்டும். இடம்பெயர்வில் ஏடுகளும் புத்தகங்களும் கைவிடப்பட்டன. இச்சொற்களைச் சுமந்து வந்த முதியவர்களும் இப்போது ஒவ்வொருவராகக் குறைந்துகொண்டிருக்கிறார்கள் என்பதால் இதனைப் பிற்போட வேண்டாம் எனக் கேட்டுக்கொள்கிறேன். தருமபுரம், புளியம்பொக்கணைப் பக்கங்களில் நான் கேட்டு எழுதிவைத்த சிலவற்றை, தாங்கள் விரும்பினால் இந்த அறுவடை முடிந்ததும் அனுப்பிவைப்பேன்.

இப்படிக்கு,
ஓய்வுநிலை ஆசிரியர் ஒருவர்,
கண்டாவளை, கிளிநொச்சி.