அந்த அடியாளுக்குப் பெயர் இருக்கிறது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் இதழில் ஜப்பானிய யாகுசா (தாதா கும்பல்) படங்களைப் பற்றிய கட்டுரை பார்த்தேன். நாயகன் புன்டா சுகவாராவுக்கு ஒரு பக்கம், இயக்குநர் கின்ஜி ஃபுகசாகுவுக்கு ஒரு பக்கம். நல்லது. ஆனால் புகைப்படத்துக்குக் கீழே 'சுகவாராவிடம் அடிவாங்கும் அடியாள்' என்று போட்டிருக்கிறீர்கள். அடிவாங்குகிறவருக்குப் பெயர் உண்டு என்பது தங்களுக்குத் தெரியாததல்ல. இடம்தான் போதவில்லை போலும். எதிர்ப்பக்கம் முழுக்கப் பட்டுப்புடவை விளம்பரம்.

அவர் தகுஸோ கவதானி. கியோட்டோவில் டோயெய் என்ற படநிறுவனத்தின் 'பெரிய அறை' நடிகர். நட்சத்திரங்களுக்குத் தனித்தனி அறை, இவரைப் போன்ற துணை நடிகர்களுக்கெல்லாம் சேர்த்து ஒரே அறை. அங்கே பத்து வருடத்துக்கும் மேலாகப் பிணமாகவும் கூட்டமாகவும் கிடந்தவர். 1973இல் வந்த, ஹிரோஷிமாவில் நடக்கும் யாகுசா படத்தில் இவரைக் கயிற்றில் கட்டி மோட்டார் படகில் கடலோடு இழுத்துப் போவார்கள். பிறகு மரத்தில் தொங்கவிட்டுக் குறிபார்த்துச் சுடுவார்கள். என் மனைவி அணைக்கச் சொன்னாள். நான் பின்னால் ஓட்டி மறுபடி பார்த்தேன். கால் துடிக்கிற துடிப்பு நடிப்பா நிஜமா என்று இன்றுவரை எனக்குப் புரியவில்லை. 1975இல் இவரும் ஹிடியோ முரோதாவும் மசாரு ஷிகாவும் சேர்ந்து, கடிக்கும் மீனின் பெயரில் 'பிரானா படை' என்ற நடிகர் குழுவில் இருந்தார்கள். அடுத்த வருடமே இவர் நாயகன். 1995இல் 54 வயதில் போய்விட்டார்.

நானும் ஆபீஸ் நாடகக்குழுவில் பன்னிரண்டு வருடம் கான்ஸ்டபிள். நோட்டீஸில் ஒருநாளும் பெயர் வந்ததில்லை. 'மற்றும் பலர்' என்பதற்குள் நான் இருந்தேன். ஆகவே இந்தக் கோபம் எங்கிருந்து வருகிறது என்று ஆராய வேண்டாம்.

போன வருடம் நடிகர் தகாஷி ஷிமுராவின் புகைப்படத்தைப் போட்டு, இன்னொரு நடிகரான 'மிஃபுனே' என்று எழுதினீர்கள். கடிதம் போட்டேன். அதில் பாராட்டு வரி மட்டும் வெளியானது, அதுவும் என் இனிஷியலை மாற்றி. அதற்குப் பிறகு விலையை மட்டும் மறக்காமல் ஏற்றினீர்கள்.

அடுத்த இதழில் ஒரே ஒரு வரி போதும்: 'படத்தில் இருப்பவர் தகுஸோ கவதானி.' எழுத்துப் பிழை இல்லாமல்.

இப்படிக்கு,
31 வருடச் சந்தாதாரர்,
மதுரை.